லாக்கப் காமெடியும் விடுபடும் மறுநாளும்: ஆண்கள் மீதான பாலியல் வன்முறையைத் திரை காட்டும் விதம்

அந்தக் காட்சி எல்லோருக்கும் தெரியும். கதாநாயகனின் நண்பனை லாக்கப்பில் தள்ளுவார்கள். உள்ளே வாட்டசாட்டமாக ஒருவன் உட்கார்ந்திருப்பான். வந்தவனை ஏற இறங்கப் பார்ப்பான், மெல்லச் சிரிப்பான். கம்பிக்கதவு சாத்தும் சத்தம், ஒரு டிரம் அடி, கட். மறுநாள் காலை நண்பன் காலை அகட்டி அகட்டி நடந்து வெளியே வருவான். சட்டையில் ரெண்டு பொத்தான் இருக்காது. ‘என்னடா ஆச்சு?’ என்பான் கதாநாயகன். ‘கேக்காத மாப்ள’ என்பான் நண்பன். மதுரையில் எந்தத் தியேட்டராக இருந்தாலும் அந்த இடத்துக்கு விசில் உறுதி.

ஆளை மட்டும் மாற்றிப் பாருங்கள். அதே லாக்கப், அதே கட். காலையில் வெளியே வருவது கதாநாயகனின் தங்கை. அங்கே டிரம் அடிக்க எந்த இசையமைப்பாளருக்கும் கை வராது. நடந்தது ஒன்றுதான் என்றாலும், அது வன்முறையா வேடிக்கையா என்பதை உடம்பு யாருடையது என்பதை வைத்தே தீர்மானிக்கிறோம். அந்தத் தீர்மானம் வசனத்தில் இருப்பதில்லை, படத்தொகுப்பு மேசையில் எடுக்கப்படுகிறது.

முதலில் இசை. சம்பவத்துக்கு முன்பே அடிக்கப்படும் டிரம், ‘சிரிக்கத் தயாராகுங்கள்’ என்று பார்வையாளருக்கு அனுமதிச் சீட்டு கொடுத்துவிடுகிறது. அடுத்து அந்த கட். இரவு முழுவதும் காணாமல் போகிறது. அதோடு எதிர்ப்பு, பயம், வலி எல்லாம் போகின்றன. வன்முறையைக் காட்டாமல் விடுவது நல்ல மரபுதான். ஆனால் விட்ட இடத்தில் என்ன வைக்கிறோம் என்று ஒன்று இருக்கிறது. இங்கே வைக்கப்படுவது அந்த நொண்டி நடை: ஒரு காயத்தின் அடையாளம் உடல்மொழிக் காமெடியாகிவிடுகிறது. கடைசியில் ‘கேக்காத மாப்ள’. பாதிக்கப்பட்ட ஆண்கள் ஆண்டுக்கணக்கில் வாய் திறக்காமல் இருப்பதுதான் இந்தக் குற்றத்தின் மையச் சிக்கல். அந்த மௌனத்தையே பஞ்ச் வசனமாக்கி, சிரிப்போடு சேர்த்து வீட்டுக்குக் கொடுத்தனுப்புகிறது படம்.

சிரிப்பு இதன் ஒரு பயன்பாடு. இன்னொன்று தண்டனை. பெண்ணைச் சீரழித்த வில்லனை ‘உள்ள போ, அங்க உனக்கு இருக்கு’ என்று கதாநாயகன் மிரட்ட, அரங்கம் கைதட்டும். முதல் பாதியில் எந்தக் குற்றத்தைக் கொடூரம் என்று படம் காட்டியதோ, அதையே இரண்டாம் பாதியில் நீதியாகப் பரிந்துரைக்கிறது. சிறைக்கண்காணிப்பு தோற்றுப்போன இடத்தில் நடக்கும் குற்றம், தீர்ப்பின் ஒரு பகுதிபோல ஆகிவிடுகிறது. ஹாலிவுட்டுக்கும் இந்த நோய் பழையது. 1998இல் வந்த ‘அமெரிக்கன் ஹிஸ்டரி எக்ஸ்’ படத்தில் இனவெறி பிடித்த நாயகன் மனம் மாறும் பாதையில் சிறைக் குளியலறை வன்முறை ஒரு படிக்கட்டாக வைக்கப்பட்டிருக்கிறது. 1972இன் ‘டெலிவரன்ஸ்’ ஆண் மீதான பாலியல் வன்முறைக் காட்சியைத் திகிலாகவே எடுத்தது. ஆனால் அதிலிருந்து வெளியே வந்த ஒரு வசனம் ஐம்பது வருடமாக அமெரிக்காவில் ஜோக்காகச் சுற்றுகிறது. இயக்குநர் சிரிப்புக்காக எடுக்காவிட்டாலும் ஊர் சிரிப்பாக்கிக்கொள்ளும் என்பதற்கு அது சாட்சி.

மூன்றாவது, வில்லனுக்கு அடையாளம் குத்துவது. ஆணைத் தொடும் ஆண் என்றால் ஒருபால் ஈர்ப்புள்ளவன், ஆகவே கெட்டவன் என்ற சூத்திரம். திருநங்கைகளை ‘ஆள் பிடிப்பவர்களாக’ நிறுத்திச் சிரிக்க வைப்பதும் இதன் கிளைதான். உண்மையில் குற்றம் செய்பவரின் கையில் இருப்பது ஈர்ப்பைவிட அதிகாரம்: வாத்தியார், வார்டன், முதலாளி, மாமா, போலீஸ். குழந்தைகள் மீதான பாலியல் குற்றங்களுக்கான போக்சோ சட்ட வழக்குகளில் குற்றம்சாட்டப்பட்டவர் குழந்தைக்கு முன்பே தெரிந்தவராக இருப்பது பத்துக்கு ஒன்பதுக்கும் மேல் என்று தேசியக் குற்ற ஆவணக் காப்பகம் ஆண்டுதோறும் சொல்கிறது. திரையில் வரும் முகம் தெரியாத விகாரமான அந்நியன், வீட்டுக்குள் இருப்பவரைத் தப்பவிட வசதியான பாத்திரம்.

மதுரைக்கு இதில் தனிப் பங்கு உண்டு. 2000களில் வரிசை கட்டி வந்த ‘மதுரைப் படங்கள்’ ஆணின் உடம்புக்கு ஓர் இலக்கணமே எழுதின. அது வெட்டுப்படலாம், குத்துப்படலாம், மாட்டுக் கொம்பில் கிழிபடலாம். அந்தத் தழும்புகள் எல்லாம் பதக்கம். ஆனால் பாலியல் காயத்தைப் பதக்கமாகச் சட்டையைத் திறந்து காட்ட முடியாது. வீரத்தின் கணக்கில் அதற்கு இடமே இல்லாததால், திரைக்கதைக்கு ரெண்டு வழிதான் மிஞ்சுகிறது: சிரிப்பது, அல்லது அப்படி ஒன்று நடக்கவே நடக்காது என்று விட்டுவிடுவது. திரைக்கு வெளியே ஊரும் இதையேதான் செய்கிறது. ‘ஆம்பளப் பயலுக்கு என்ன ஆயிரப்போகுது?’ என்ற ஒரு வாக்கியத்தோடு வீட்டில் விசாரணை முடிந்துவிடும்.

என்ன ஆகும் என்பதற்கு நம்மிடம் எண்ணிக்கை இருக்கிறது. மத்திய பெண்கள், குழந்தைகள் மேம்பாட்டு அமைச்சகம் 2007இல் வெளியிட்ட ஆய்வு 13 மாநிலங்களில் 12,447 குழந்தைகளிடம் பேசியது. ஏதாவது ஒரு வகைப் பாலியல் துன்புறுத்தலைச் சந்தித்ததாகச் சொன்னவர்கள் 53.22 சதவீதம். அவர்களில் 52.94 சதவீதம் பேர் சிறுவர்கள். தமிழ்நாடு அந்த 13இல் இல்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். இதை 2020ஆம் ஆண்டின் போக்சோ வழக்குப் பதிவுகளோடு வைத்துப் பாருங்கள்: பாலியல் வன்புணர்வுப் பிரிவுகளில் பதிவான 28,000க்கும் மேற்பட்ட வழக்குகளில் 99 சதவீதம் சிறுமிகள் தொடர்பானவை. ரெண்டும் வேறு வேறு விதமாக எடுத்த கணக்குகள், நேருக்கு நேர் கழித்துப் பார்க்க முடியாது. என்றாலும் கேட்டால் பாதிக்குப் பாதி, காவல் நிலையத்தில் நூற்றுக்கு ஒன்று என்பது அச்சுப்பிழை அல்ல.

இந்த வட்டாரத்தில் சிறுவர்கள் வீட்டை விட்டுத் தங்கும் இடங்கள் நிறைய. உசிலம்பட்டிப் பக்கமிருந்து முறுக்குக் கம்பெனி வேலைக்கென்று முன்பணம் கொடுத்து வடமாநிலங்களுக்குக் கூட்டிப்போகப்பட்ட பையன்கள், கொத்தடிமைகளாக மீட்கப்பட்ட செய்திகள் பல ஆண்டுகளாக வருகின்றன. வேலை செய்யும் இடத்திலேயே படுக்கை, முதலாளியே காவலாளி. புரோட்டாக் கடை மாடியில் மாஸ்டரோடு தூங்கும் எடுபிடிப் பையன், லாரியில் டிரைவரோடு மூன்று நாள் போகும் கிளீனர், விடுதியில் சேர்ந்த ஆறாம் வகுப்பு. கதைக்கான களம் இவை எல்லாமே. ஆனால் குழந்தைகள் மீதான பாலியல் குற்றத்தை நிதானமாக எடுத்துக்கொண்ட அண்மைத் தமிழ்ப் படங்களில்கூட, 2022இன் ‘கார்கி’, பழனியைக் களமாகக் கொண்ட 2023இன் ‘சித்தா’, பாதிக்கப்படுவது சிறுமிகள்தான். அது அந்தப் படங்களின் குறை அல்ல. சிறுவனுக்கான படம் வரவேண்டிய நாற்காலி காலியாக இருக்கிறது என்பதுதான் விஷயம். இந்தியில் ஓனிர் இயக்கி 2010இல் வந்த ‘ஐ ஆம்’, நான்கு கதைகளில் ஒன்றைச் சிறுவயதில் சீரழிக்கப்பட்ட ஓர் ஆணுக்கும், இன்னொன்றைப் போலீஸிடம் சிக்கும் ஆண்களுக்கும் கொடுத்தது. சிறந்த இந்திப் படத்துக்கான தேசிய விருதும் வாங்கியது.

போலீஸ் என்றதும் இன்னொரு வாடிக்கைக் காட்சி. ஸ்டேஷனில் ஜட்டியோடு வரிசையாக உட்காரவைக்கப்பட்ட ஆண்கள், அவர்களைப் பார்த்து ஏட்டு அடிக்கும் ஜோக். ஆடையை உருவி உட்காரவைப்பது பாலியல் இழிவுபடுத்தல்தான் என்ற எண்ணமே நமக்கு எழாத அளவுக்கு அது காமெடிச் சட்டகமாகிவிட்டது. 2020 ஜூனில் சாத்தான்குளத்தில் காவலில் எடுக்கப்பட்ட தந்தையும் மகனும் இறந்தபோது, ஆசனவாயில் ரத்தப்போக்கு இருந்தது என்று உடனிருந்தவர்கள் சொன்னார்கள். உயர்நீதிமன்ற மதுரைக் கிளை தானாக முன்வந்து விசாரணைக்கு எடுத்தது. அந்த வாரம் ஊரே கொதித்தது. அதே ஊர் அடுத்த மாதம் டி.வி.யில் ஜட்டிக் காமெடிக்குச் சிரித்தது. ‘விசாரணை’ போன்ற படம் செய்த காரியம் எளியது: அடிக்கு மாஸ் பின்னணி இசை போடவில்லை, அடிபடுபவனின் கண் மட்டத்தில் கேமராவை வைத்தது.

சட்டத்துக்கு வருவோம். திரைக்கதை எழுதுபவர்கள் பெரும்பாலும் வழுக்குவது இங்கேதான்.

பாதிக்கப்பட்டவருக்கு 18 வயது ஆகவில்லை என்றால் குழப்பமில்லை. 2012 நவம்பர் 14 முதல் நடைமுறையில் இருக்கும் போக்சோ சட்டம் ஆண், பெண் பார்ப்பதில்லை. குற்றம் செய்தவர் பெண்ணாக இருந்தாலும் பொருந்தும் என்று 2024இல் டெல்லி உயர்நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. டியூஷன் டீச்சர், பக்கத்து வீட்டு அக்கா, பத்தாம் வகுப்புப் பையன் என்று ‘அதிர்ஷ்டக்காரன்டா’ பாணியில் எழுதப்படும் இளமைக் காட்சிகள் சட்டத்தின் கண்ணில் என்ன என்பதை எழுதும்போதே யோசிப்பது நல்லது. 2019 திருத்தத்துக்குப் பிறகு வன்புணர்வுக்குக் குறைந்தபட்சம் 10 ஆண்டு; 16 வயதுக்குக் கீழ் என்றால் 20 ஆண்டு. ஆசிரியர், போலீஸ், விடுதி ஊழியர், நெருங்கிய உறவினர் என்றால் அது கடுமையாக்கப்பட்ட குற்றம். தெரிந்தும் புகார் செய்யாதவருக்கு ஆறு மாதம் வரை சிறை. கீழே வேலை பார்ப்பவர் செய்ததை மறைத்த நிறுவனப் பொறுப்பாளருக்கு ஓராண்டு வரை. ‘ஸ்கூல் பேரு கெட்டுரும்’ என்று பேசி முடிக்கும் தலைமையாசிரியர் படத்தில் குணச்சித்திர நடிகராக வருவார்; சட்டப்படி அவரும் குற்றவாளி.

வயது வந்த ஆண் என்றால் கதை வேறு. பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 375ஆம் பிரிவு வன்புணர்வு என்று பெண்ணுக்கு எதிரான குற்றத்தை மட்டுமே சொன்னது. டெல்லி நிர்பயா சம்பவத்துக்குப் பிறகு 2013 பிப்ரவரியில் வந்த அவசரச் சட்டம் ஒருமுறை பால்வேறுபாடின்றி எழுதிப் பார்த்தது. மார்ச்சில் நிறைவேறிய சட்டம் பழையபடி திரும்பிவிட்டது. ஆணுக்கு இருந்த ஒரே பிடி, ‘இயற்கைக்கு மாறான’ உடலுறவைத் தண்டிக்கும் 377ஆம் பிரிவு. 2018 செப்டம்பர் 6ஆம் தேதித் தீர்ப்பில் உச்சநீதிமன்றம் ஒப்புதலோடு நடக்கும் உறவை மட்டும்தான் அதிலிருந்து விடுவித்தது. ஒப்புதல் இல்லாதது ஆயுள்வரை தண்டிக்கக்கூடிய குற்றமாகவே தொடர்ந்தது. 2024 ஜூலை 1இல் பழைய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாகப் பாரதிய நியாய சன்ஹிதா வந்தபோது 377 மொத்தமாகக் காணாமல் போயிற்று. ஒப்புதல் இல்லாத செயலுக்காவது அதைத் தக்கவைக்கச் சொல்லி நாடாளுமன்ற நிலைக்குழு 2023இலேயே பரிந்துரைத்திருந்தது. கேட்கப்படவில்லை. ஆகவே இன்று ஓர் ஆண் புகார் கொடுத்தால் போலீஸ் காயம், கொடுங்காயம், அடைத்துவைத்தல், மிரட்டல் என்று 115, 117, 127, 351 பிரிவுகளைத்தான் கோத்துப் போட வேண்டும். திருநங்கை, திருநம்பி என்றால் அவர்களுக்கான 2019 உரிமைப் பாதுகாப்புச் சட்டம் இருக்கிறது, ஆனால் அதில் பாலியல் வன்முறைக்கு உச்சத் தண்டனையே இரண்டு ஆண்டு.

விசித்திரம் என்னவென்றால், புதிய சட்டத்தின் 38ஆம் பிரிவில் தற்காப்புக்காக உயிரையே எடுக்கலாம் என்று சொல்லும் பட்டியலில், ‘இயற்கைக்கு மாறான இச்சையைத் தீர்க்கும் நோக்கத்துடன் நடக்கும் தாக்குதல்’ அப்படியே இருக்கிறது. அந்த இச்சைக்காக ஆளைக் கடத்தினால் 140ஆம் பிரிவில் தண்டனையும் உண்டு. தடுக்கும்போது கொன்றாலும் குற்றமில்லை, கடத்தினால் குற்றம், நடந்து முடிந்த செயலுக்கு மட்டும் பெயர் இல்லை. நல்ல திரைக்கதையாசிரியருக்கு இந்த ஓட்டை ஒன்றே ஒரு படத்துக்குப் போதும்.

எழுதுபவர் முதலில் முடிவு செய்ய வேண்டியது சம்பவத் தேதி. 2024 ஜூன் 30 வரை நடந்ததற்கு 377 இன்றும் பொருந்தும், மறுநாள் நடந்ததற்குப் பொருந்தாது. 1990களில் சிறுவனாக இருந்தவன் இப்போது புகார் கொடுக்கும் கதை என்றால் போக்சோ வராது, 377தான். இது தெரியாமல் நாற்பது வயது ஆளுக்குப் போக்சோ நீதிமன்றம் வைத்து எழுதிவிட்டு, ‘மக்களுக்குப் புரியணும்ல’ என்று சமாதானம் சொல்வது நடக்கிறது.

நீதிமன்றக் காட்சியும் அப்படியே. கூட்டம் நிறைந்த ஹாலில் எதிர்த்தரப்பு வக்கீல் சிறுவனைப் பார்த்து உறுமுவார், சிறுவன் அழுவான், நம் வக்கீல் மேசையைத் தட்டுவார். போக்சோவில் விசாரணை மூடிய அறையில். கேள்விகள் நீதிபதி வழியாகத்தான் குழந்தைக்குப் போக வேண்டும். குற்றம்சாட்டப்பட்டவர் கண்ணில் குழந்தை படக் கூடாது. வாக்குமூலம் வாங்கும் போலீஸ் சீருடையில் இருக்கக் கூடாது. குழந்தை விரும்பும் இடத்துக்கு அவர்தான் போக வேண்டும். தமிழ்நாட்டில் இந்த வழக்குகள் பெரும்பாலும் அனைத்து மகளிர் காவல் நிலையத்துக்கே போகின்றன. பதினான்கு வயது மகனைக் கூட்டிக்கொண்டு, ‘மகளிர்’ என்று எழுதிய பலகைக்குக் கீழே உள்ளே போவதா வேண்டாமா என்று ஒரு அப்பா நிற்கும் அரை நிமிடம், பத்து நிமிட வக்கீல் வசனத்தைவிடக் கூடுதலாகச் சொல்லும். திரையில் அதைப் பார்ப்பது அரிது.

இனி அந்த மறுநாள். கட் விழுங்கிவிடும் அந்த நேரத்தில் என்னென்ன நடக்கிறது என்று தெரிந்தாலே காட்சி மாறிவிடும். பாதிக்கப்பட்டவர் முதலில் செய்வது குளிப்பது. ஷவருக்குக் கீழே உட்கார்ந்து அழும் ஷாட் எல்லாப் படத்திலும் உண்டு. தடயம் அந்தத் தண்ணீரோடு போகிறது என்று எந்தப் பாத்திரமும் சொல்வதில்லை. மத்திய சுகாதார அமைச்சகம் 2014இல் வெளியிட்ட மருத்துவ வழிகாட்டுதல்கள் ஆண்களையும் சேர்த்தேதான் எழுதப்பட்டவை. உடம்பிலிருந்து தடயம் எடுக்க 96 மணி நேரம் வரை வாய்ப்பு உண்டு என்கின்றன அவை. துணியைப் பிளாஸ்டிக் பையில் கட்டினால் ஈரத்தில் பூஞ்சை பிடித்துக் கெடும். காய வைத்துக் காகிதப் பையில் போட வேண்டும். எச்.ஐ.வி. தடுப்பு மருந்தை 72 மணி நேரத்துக்குள் தொடங்கி 28 நாள் விடாமல் சாப்பிட வேண்டும். பெரியாஸ்பத்திரி ஓ.பி. வரிசையில் நின்று, எதற்கு வந்தீர்கள் என்று சத்தமாகக் கேட்கப்படும்போது ‘மூலம்’ என்று பொய் சொல்லும் ஆண், 28 நாளும் மாத்திரையை வீட்டில் எங்கே ஒளிப்பது என்று தேடும் ஆண்: காட்சிகள் இங்கே கொட்டிக் கிடக்கின்றன. சிறுவன் என்றால் எஃப்.ஐ.ஆர். நகல், மாஜிஸ்திரேட் கடிதம் என்று எதையும் கேட்டுச் சிகிச்சையை நிறுத்திவைக்க எந்த மருத்துவமனைக்கும் உரிமை கிடையாது.

உடம்பைப் பற்றி இரண்டு விஷயம். அச்சத்தில் கைகால் மரத்து நின்றுவிடுவது சாதாரணம். ‘ஆம்பள தானே, ஒரு மிதி மிதிச்சிருக்கலாம்ல’ என்ற கேள்வி அதனால்தான் தப்பு. விறைப்பும் விந்து வெளியேறுவதும் தொடுதலுக்கும் பயத்துக்கும் உடம்பு தானாகச் செய்யும் எதிர்வினை, சம்மதத்தின் அடையாளம் அல்ல. பாதிக்கப்பட்டவரை வருடக்கணக்கில் அரிப்பது பெரும்பாலும் இதுதான்: ‘அப்போ எனக்கும் பிடிச்சிருந்துச்சோ?’ இந்தக் கேள்வியைத் திரை நேரடியாகத் தொடாதவரை ‘அவனா நீ’ என்ற கிண்டல்தான் பதிலாக இருக்கும்.

தொட்ட படைப்புகள் இருக்கின்றன. பிரிட்டிஷ் தொடரான ‘ஐ மே டெஸ்ட்ராய் யூ’ (2020) க்வாமே என்ற இளைஞனைப் போலீஸுக்கு அனுப்புகிறது. அங்கே அடிதடி இல்லை, கத்தல் இல்லை. எதை எப்படிக் கேட்பது என்று தெரியாமல் நெளியும் ஓர் அதிகாரி, அவ்வளவுதான். அந்தச் சங்கடம் ஒன்றே அவனைத் திருப்பி அனுப்பிவிடுகிறது. ‘பேபி ரெய்ன்டீர்’ (2024) இன்னும் ஒரு படி மேலே போய், பாதிக்கப்பட்டவன் மறுபடி மறுபடி குற்றவாளியின் வீட்டுக்கே போனதை ஒளிக்கவில்லை. ‘அப்புறம் ஏன் போனான்?’ என்று கேட்பவருக்கு அதுவே பதில்: வாய்ப்பு, போதை, நம்பிக்கை, வெட்கம் எல்லாம் ஒரே கயிறாகத் திரிக்கப்பட்டிருக்கும். 2015இல் ‘அவுட்லேண்டர்’ முதல் பருவத்தின் இறுதிப் பகுதி பிந்தைய மன உடைவைக் காட்டியதற்குப் பாராட்டும், வன்முறையை அவ்வளவு நீளமாகக் காட்டியதற்குத் திட்டும் ஒருசேர வாங்கியது. ரெண்டும் நியாயம். விளைவைக் காட்டச் செயலை முழுதாகக் காட்ட வேண்டியதில்லை.

தணிக்கை இதைச் சரிசெய்யும் என்று நம்ப முடியாது. 1991 டிசம்பரில் வெளியிடப்பட்டு இன்றும் பின்பற்றப்படும் வழிகாட்டுதல்கள், ‘பெண்களுக்கு எதிரான பாலியல் வன்முறை’ காட்சிகளைத் தவிர்க்கவும், கதைக்குத் தேவையென்றால் குறைக்கவும் சொல்கின்றன. குழந்தைகள் பற்றியும் உண்டு. வயது வந்த ஆண் அந்தப் பட்டியலில் இல்லை. லாக்கப் காமெடி ‘யு/ஏ’ வாங்கிக் குடும்பத்தோடு பார்க்கப்படுவதன் ரகசியம் அதுதான். ஓடிடி தளங்கள் 2021 விதிகளின்படி வயது வகையோடு உள்ளடக்கக் குறிப்பும் போட வேண்டும். பாலியல் வன்முறை என்ற குறிப்பு ஆண் பாதிக்கப்படும் காட்சிக்கும் போடப்படுகிறதா என்று பார்த்தாலே ஒரு தளத்தின் எண்ணம் தெரிந்துவிடும்.

மதுரையில் விஸ்காம் மாணவர்களும் குறும்படக்காரர்களும் இந்தப் பொருளை எடுக்க ஆசைப்படுகிறார்கள், நல்லதுதான். சிறுவன் நடிக்கிறான் என்றால் 2017 விதிகளின்படி கலெக்டரிடம் அனுமதி வாங்க வேண்டும். ஒரு நாளைக்கு 5 மணி நேரத்துக்கு மேல் வேலை கூடாது, 3 மணி நேரத்துக்கு மேல் ஓய்வில்லாமல் வைக்கக் கூடாது, சம்பளத்தில் குறைந்தது 20 சதவீதம் அவன் பெயரில் வைப்புநிதியாகப் போக வேண்டும். பட்ஜெட் இல்லை, சொந்தக்காரப் பையன்தான் என்பதெல்லாம் விலக்கு ஆகாது. வன்முறைக் காட்சியில் சிறுவனும் பெரியவரும் ஒரே சட்டகத்தில் இருக்கவே தேவையில்லை. பெரியவரின் ஷாட்டை வேறு நாளில் எடுங்கள். சிறுவனுக்கு, ‘வீட்டுச் சாவி தொலைஞ்சிருச்சு, அம்மாட்ட எப்படிச் சொல்றது’ என்ற அளவில் ஒரு சூழ்நிலை கொடுத்தால் முகம் கிடைத்துவிடும். படத்தொகுப்பு மீதியைச் செய்யும். வயது வந்த நடிகர்கள் என்றால் எங்கே கை படும், எங்கே படாது என்பதை உடை மாற்றும் முன்பே பேசி எழுதிக்கொள்ளுங்கள். சொல்லாமல் ஒன்றைச் செய்து ‘நிஜமான ரியாக்‌ஷன்’ வாங்குவது நடிப்பு வாங்குவதல்ல, படப்பிடிப்பிலேயே அந்தக் குற்றத்தின் ஒரு துண்டைச் செய்வது. டிரம் சத்தத்தை எடுத்துவிட்டு ஒருமுறை போட்டுப் பாருங்கள். அப்போதும் பார்ப்பவர் சிரித்தால் ஷாட்டில் கோளாறு.

கடைசியில் உதவி எண் அட்டை போடுவது வழக்கமாகிவிட்டது, எல்லோரும் எழுந்து செருப்பைத் தேடும்போது ஆங்கிலத்தில் ஒரு விநாடி. டைட்டில் ஓடும் முன்பே, தமிழில், படித்து முடிக்கும் அளவுக்கு ஐந்தாறு விநாடி நிறுத்துங்கள். சிறுவர்களுக்கு 1098. பலரும் பழக்கத்தில் போடும் 181 பெண்களுக்கானது. வயது வந்த ஆணுக்கென்று தனி எண் தேடி அலைய வேண்டாம். மனநல ஆலோசனைக்கு டெலி மானஸ் 14416, உடனடி ஆபத்துக்கு 112, இந்த இரண்டையும் போடலாம்.